பேய் என்று கையெழுத்திட்டவர்

உருவம் மாறுகிற கதைகள் நம் பழைய இலக்கியத்தில் ஏராளம். சாபத்தால் மாறுகிறார்கள், வரத்தால் மாறுகிறார்கள், மந்திரத்தால் மாறுகிறார்கள். கல்லாகிறாள் ஒருத்தி, குறுகிப்போகிறான் ஒருவன். ஆனால் இந்தக் கதைகளைச் சேர்த்து வைத்துப் படித்தால் ஒரு விஷயம் கண்ணில் படும். மாறியவர்கள் அநேகமாக எல்லோருமே திரும்பி வந்துவிடுகிறார்கள். கல்லான அகலிகை மறுபடி பெண்ணாகிறாள். கூன் பாண்டியன் கூன் நிமிர்ந்து நின்றசீர் நெடுமாறன் ஆகிறான்; உடம்பு நிமிர்ந்ததோடு பெயரும் நிமிர்ந்துவிடுகிறது. அழகிய உருவமே உண்மை, மற்றது இடையில் வந்த கஷ்டகாலம் என்பது இந்தக் கதைகளில் சொல்லாமலே ஒப்புக்கொள்ளப்பட்ட சங்கதி. கேட்கிறவர்களும் அதை எதிர்பார்த்துத்தான் கேட்கிறார்கள். பழைய முகம் திரும்பி வந்தால்தான் கதை முடிந்ததாக அவர்களுக்குத் திருப்தி.

இந்த வழக்கத்துக்கு விலக்காக நிற்பவர் ஒருவர் உண்டு. காரைக்கால் அம்மையார். அவர் திரும்பி வரவில்லை; வரவேண்டும் என்று நினைத்ததாகவும் தெரியவில்லை. அவருடைய விலக்கு எவ்வளவு பெரியது என்பது தெரியவேண்டுமானால், திரும்பி வந்தவர்கள் இருவரை முதலில் பார்த்துக்கொள்வது நல்லது.

முதலாமவன் நளன். புகழேந்தியின் நளவெண்பாவைப் படிக்காதவர்களுக்கும் கதை தெரியும். சூதில் நாட்டை இழந்து, காட்டில் மனைவியையும் விட்டுவிட்டுப் போகிறவன், தீயில் அகப்பட்ட கார்க்கோடகன் என்ற பாம்பைக் காப்பாற்றுகிறான். பாம்பு கைம்மாறாக அவனைக் கடிக்கிறது! உருக்குலைந்து போகிறான். ‘யாரும் உன்னை அறியாமல் இருக்கத்தான் இது’ என்று பாம்பே சமாதானம் சொல்லி, பழைய உருவம் வேண்டும்போது உடுத்திக்கொள்ள ஆடையும் கொடுத்துவிடுகிறது. நளன் வாகுகன் என்ற பெயரில் அயோத்தி மன்னன் இருதுபன்னனிடம் தேரோட்டியாகவும் மடைத்தொழில் செய்கிறவனாகவும் சேர்கிறான்.

அந்த ஆடை இருக்கிறதே, அதுதான் இந்தக் கதையின் பலமும் பலவீனமும். நளன் வாகுகனின் உடம்பில் குடியிருக்கவில்லை, ஒளிந்திருக்கிறான். எந்த நிமிஷமும் அவன் அதைவிட்டு வெளியே வரலாம். தமயந்தியும் அவனை வாகுகனாக ஏற்றுக்கொள்ளவில்லை. சமையலின் ருசியிலும், பிள்ளைகளைக் கண்டு கலங்கிய கண்ணிலும் அவள் தேடுவது அழகனான நளனைத்தான். அந்த ஆடை தொலைந்து போயிருந்தால் என்ன ஆகியிருக்கும்? கடைசிவரை குறுங்கையனாகவே இருந்து, அப்படியே தமயந்தியோடு வாழ்ந்து, அப்படியே அரியணையில் உட்கார நேர்ந்திருந்தால்? நாவலாசிரியனுக்கு அங்கேதான் கதை ஆரம்பமாகிறது. புகழேந்திக்கு அந்தக் கேள்வி தேவைப்படவில்லை. அதற்காக அவரைக் குறை சொல்வது நியாயமும் ஆகாது. சோதனையும் மீட்சியும் அவர் எடுத்துக்கொண்ட விஷயம்; அதை அவர் பூரணமாகவே செய்திருக்கிறார்.

இரண்டாவது, மணிமேகலை. இவள் விஷயம் இன்னும் சிக்கலானது. வேறு உருக்கொள்ளும் மந்திரத்தை மணிமேகலா தெய்வம் அவளுக்குக் கொடுத்திருக்கிறது. அவள் அதைப் பயன்படுத்துகிற இடங்களில் இரண்டு இங்கே முக்கியம். முதல் தடவை, உதயகுமரனிடமிருந்து தப்புவதற்காகக் காயசண்டிகையின் உருவத்தை எடுத்துக்கொள்கிறாள். யானைத்தீ என்ற அடங்காப் பசி நோயோடு அலைந்த விஞ்சையர் குலப் பெண் காயசண்டிகை. அவளுடைய கணவன் காஞ்சனன் தேடி வருகிறான். தன் மனைவி தன்னைக் கண்டும் காணாமல் அரசகுமாரனோடு பேசுவதாக நினைத்துக்கொள்கிறான். இரவில் உதயகுமரனை வெட்டிவிடுகிறான். ஒருத்தியின் உருவத்தை இன்னொருத்தி அணிந்த குற்றத்துக்கு மூன்றாவது மனிதன் பலி.

உருவம் உடுத்திக் கழற்றும் துணிதானே என்று நினைத்திருந்தவளுக்குச் சாத்தனார் வைத்த பாடம் இது. உடம்பைச் சுற்றி உறவுகள் இருக்கின்றன. அது காலியான வீடல்ல, நினைத்தபோது புகுந்துகொள்வதற்கு.

இன்னொரு தடவை, வஞ்சி நகரத்தில். சமயவாதிகளின் கொள்கைகளைக் கேட்டறிய வேண்டும். இளம்பெண் ஒருத்தி போய்க் கேட்டால் யார் மதித்துச் சொல்வார்கள்? ஆகவே ஆண் தவசியின் உருவத்தில் போகிறாள். அளவைவாதி, சைவவாதி, வைணவவாதி, ஆசீவகன், நிகண்டவாதி, சாங்கியன் என்று எல்லோரும் அவளுக்கு விஸ்தாரமாக எடுத்துச் சொல்கிறார்கள். அவள் கேள்வியில் என்ன மாறிவிட்டது? ஒன்றும் இல்லை. கேட்கிற உடம்பு மாறியிருக்கிறது, அவ்வளவுதான். பெண்ணின் அறிவுக்கு ஊரில் என்ன மரியாதை இருந்தது என்பதைச் சாத்தனார் இதைவிடத் தெளிவாகச் சொல்லியிருக்க முடியாது. பிற்பாடு காஞ்சியில் அறவண அடிகளிடம் அவள் சொல்வது மிகவும் அழகானது. அந்த வேற்றுருவை நான் எப்படி என்னுடையதாகக் கொள்ளவில்லையோ, அப்படியே அவர்கள் சொன்ன கொள்கைகளையும் மனத்தில் கொள்ளவில்லை என்கிறாள்.

நளனுக்கு மாற்றுருவம் ஒளிவிடம், மணிமேகலைக்குக் கருவி. இரண்டு பேருக்குமே ‘நான்’ என்பது வேறு எங்கோ பத்திரமாக இருக்கிறது. மாறிய உருவத்தைப் பார்த்து ‘இதுதான் நான்’ என்று அவர்கள் சொல்லவில்லை.

அம்மையார் சொன்னார்.

நமக்குத் தெரிந்த அம்மையார் கதை 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் சொன்னது. பெரிய புராணத்தில் அது 66 பாட்டுக்களே கொண்ட சிறிய புராணம். ஆனால் ஒரு நல்ல நாவலுக்கு வேண்டிய அத்தனையும் அதற்குள் இருக்கிறது. காரைக்கால் வணிகர் தனதத்தன் மகள் புனிதவதி. கணவன் பரமதத்தன், நாகப்பட்டினத்து வணிகர் குடும்பம். கடையிலிருந்து அவன் அனுப்பிய இரண்டு மாம்பழங்களில் ஒன்றை அவள் பசித்து வந்த சிவனடியாருக்குப் படைத்துவிடுகிறாள். மத்தியானம் சாப்பிட வந்தவன் ஒன்றைத் தின்றுவிட்டு மற்றதையும் கேட்கிறான். அவள் இறைவனை வேண்ட, கையில் ஒரு கனி வருகிறது. அதன் ருசியே வேறாக இருக்கிறது. எங்கே கிடைத்தது என்று கேட்கிறான், உள்ளதைச் சொல்கிறாள். அப்படியானால் இன்னொன்று வரவழை என்கிறான். வருகிறது, அவன் கையில் பட்டதும் மறைகிறது.

அந்தக் கணத்திலிருந்து அவன் அவளை மனைவியாகப் பார்க்கவில்லை. பயந்து போகிறான். கப்பலேறி வியாபாரத்துக்குப் போகிறவன் திரும்பி வராமல் பாண்டிய நாட்டுத் துறைமுக நகர் ஒன்றில் இன்னொரு கல்யாணம் செய்துகொண்டு, பிறந்த பெண்ணுக்கு முதல் மனைவியின் பெயரையே வைக்கிறான். உறவினர்கள் புனிதவதியைப் பல்லக்கில் ஏற்றிக்கொண்டு அங்கே வருகிறார்கள். அவனோ மனைவியும் குழந்தையுமாக வந்து அவள் காலில் விழுகிறான்.

இந்த இடத்தைச் சேக்கிழார் கையாண்டிருக்கும் விதத்தைக் கவனிக்க வேண்டும். அவள் அழவில்லை, சபிக்கவில்லை, நியாயம் கேட்கவில்லை. அஞ்சி ஒதுங்கிச் சுற்றத்தாரோடு நிற்கிறாள். பிறகு, இவனுக்காகத்தான் இந்த அழகையும் இந்தச் சதையையும் சுமந்துகொண்டிருந்தேன். இனி இதைக் கழித்துவிட்டு, உன் திருவடியைப் போற்றும் பேய் வடிவத்தை எனக்குக் கொடு என்று இறைவனிடம் கேட்கிறாள். சதை உதிர்கிறது. எலும்பு நிற்கிறது. சுற்றம் வணங்கிவிட்டு அஞ்சி அகன்றுபோகிறது.

கதை எழுதுகிறவனின் கண்ணோடு பார்த்தால் இதில் ஒரு பெரிய உண்மை இருக்கிறது. புனிதவதியின் அழகு அவளுடைய சொத்தாக இருக்கவில்லை. கணவன் பேரில் அவள் காப்பாற்றி வந்த அடைமானப் பொருள் அது. உரியவன் வேண்டாம் என்று காலில் விழுந்துவிட்ட பிறகு அதை யாருக்காக வைத்துக்கொண்டிருப்பது? அழகோடு ஊர் திரும்பினால் வாழாவெட்டி என்பார்கள். கணவன் கும்பிட்ட தெய்வம் என்று ஒரு மூலையில் உட்கார வைத்தாலும் வைப்பார்கள். தனியாக வழி நடக்க அழகான இளம்பெண்ணால் முடியாது. பேயால் முடியும். பேய் வடிவம் அவளுக்குத் துறவு மட்டுமல்ல, வழிச்செலவும்கூட.

போகிற வழியில் கண்டவர்கள் பயந்து ஓடுகிறார்கள். அப்போது அவள் நினைப்பதாகச் சேக்கிழார் சொல்கிற கருத்து ஒன்று இந்தப் புராணத்துக்கே உயிர். அண்டர் நாயகன் என்னை அறிந்துகொண்டால் போதும். அறியாத ஜனங்களுக்கு நான் எந்த உருவத்தில் தெரிந்தால்தான் என்ன என்கிறாள். கைலையைக் காலால் மிதிக்க அஞ்சித் தலையால் நடந்து ஏறுகிறாள். யார் இது என்று உமை கேட்கிறாள். நம்மைப் பேணும் அம்மை இவள் என்கிறான் சிவன். அழகி என்றும் சொல்லவில்லை, பேய் என்றும் சொல்லவில்லை. உருவத்தைப் பற்றிய கேள்விக்கு உறவைப் பதிலாகச் சொல்கிறான்.

இதைவிட நன்றாக ஒரு கதையை முடிக்க முடியாது. ஆனாலும் எனக்கு ஒரு குறை உண்டு. சேக்கிழார் சொல்கிற மாறுதல் முழுக்க முழுக்கக் கழித்தல் கணக்கு. அழகு போயிற்று, சதை போயிற்று, கணவன் போனான், ஊர் போயிற்று. மிஞ்சியது பேய். கணவன் துறந்திராவிட்டால் அவள் பேயாகியிருக்க வேண்டாம் என்ற எண்ணம் படிக்கிறவன் மனத்தில் தங்கிவிடுகிறது. அடடா, எப்பேர்ப்பட்ட அழகு என்று அவன் இரங்குகிறான். அந்த இரக்கத்தில் அவள் மறுபடியும் பரமதத்தனின் மனைவியாகிவிடுகிறாள்.

அம்மையார் தாமே பாடிய பாட்டுக்களுக்கு வருவோம். அவர் 6ஆம் நூற்றாண்டை ஒட்டியவர் என்பது அறிஞர்களிடம் செல்வாக்குள்ள கருத்து. அதாவது சேக்கிழாருக்கு ஏறக்குறைய ஐந்நூறு, அறுநூறு வருஷம் முன்னால். அற்புதத் திருவந்தாதி, திருவிரட்டை மணிமாலை, திருவாலங்காட்டு மூத்த திருப்பதிகங்கள் இரண்டு. எல்லாம் சேர்த்து 143 பாட்டுக்கள். அவற்றில் பரமதத்தன் இல்லை. மாம்பழம் இல்லை. தாம் அழகாக இருந்ததாக அம்மையார் சொல்லவே இல்லை. அழகை இழந்ததாகவும் சொல்லவில்லை. பிறந்து பேசக் கற்ற நாள் முதலாகவே இறைவன் மேல் காதல் என்றுதான் அந்தாதியைத் தொடங்குகிறார். பேய்க்கணத்தில் ஒருவராக இருப்பதைப் பெரிய பேறாகவே பேசுகிறார். முடிக்கும்போது காரைக்கால் பேய் என்று கையெழுத்திடுகிறார். சுந்தரரும் தம் தொண்டர் பட்டியலில் பேயார் என்றே குறிப்பிடுகிறார். நம்பியாண்டார் நம்பியின் அந்தாதியில் தலையால் நடந்து மலையேறியது வருகிறது. சிவன் அம்மை என்றது வருகிறது. கணவன் அங்கேயும் வரவில்லை.

மூத்த திருப்பதிகத்தைத் திறந்தவுடன் ஒரு பெண்பேய் எதிரே நிற்கிறாள். வற்றிய மார்பு, புடைத்த நரம்பு, குழிவிழுந்த கண்ணும் வயிறும், சிவந்த மயிர், நீண்ட கோரைப்பல், உயர்ந்த கணைக்கால். ஒளிவு மறைவு கிடையாது, வருத்தமும் கிடையாது. வைத்தியர் உடம்பைப் பார்த்துச் சொல்வதுபோல வரிசையாகச் சொல்லிக்கொண்டு போகிறார். அடுத்த பாட்டில்தான் அதிசயம். சுடுகாட்டில் ஒரு பேய் கள்ளிச்செடியின் கவட்டில் காலை நீட்டி உட்கார்ந்துகொண்டு, கொள்ளிக்கட்டையை எடுத்து மசித்துக் கண்ணுக்கு மை தீட்டிக்கொள்கிறது!

பேய் அலங்காரம் செய்துகொள்கிறது. யாருக்காக? பார்க்க அங்கே ஆள் இல்லை. பிணம் எரிந்த கரி அது. தனக்குக் கிடைத்த பொருளால், தனக்குப் பிடித்தபடி, தன் கண்ணுக்கு மை. சேக்கிழாரின் புனிதவதி பிறருக்காகச் சுமந்த அழகை இறக்கி வைத்தாள். அம்மையாரின் பேயோ யாருக்கும் கடன்படாத ஓர் அழகைப் புதிதாகச் செய்துகொள்கிறது. நம் மொழியில் பெண் மை தீட்டிக்கொள்கிற பாட்டு ஆயிரம் இருக்கலாம். கணவனோ காதலனோ தோழியோ பக்கத்தில் இல்லாமல் தீட்டிக்கொள்கிற பாட்டு எத்தனை?

இன்னும் கொஞ்சம் தள்ளி ஒரு தாய்ப்பேய் வருகிறாள். நிணத்தைத் தின்று, மண்டையோட்டு மாலையைப் பூட்டிக்கொண்டு, தன் குழந்தைக்குக் காளி என்று பெயர் வைத்துச் சீராட்டுகிறாள். மேல் புழுதியைத் துடைத்துப் பால் கொடுத்துவிட்டு எங்கோ போகிறாள். தாய் திரும்பி வரக் காணாமல் குழந்தை அழுது அழுது தூங்கிப்போகிறது. இந்தச் சுடுகாடு பயங்கரம் காட்டுவதற்காகப் போட்ட திரைச்சீலையாக இருந்தால், அழுது தூங்கிய குழந்தைக்கு அங்கே வேலை இல்லை. அதுவும் ஒரு வீடு. அங்கே பசி உண்டு, பிள்ளைப்பாசம் உண்டு, பெயர் வைக்கிற வழக்கம் உண்டு, சிங்காரமும் உண்டு. ஊரில் என்னென்ன இருந்தனவோ அவையெல்லாம் சுடுகாட்டிலும் இருக்கின்றன. ஊரின் கண் மட்டும் இல்லை. அங்கேதான் இறைவன் ஆடுகிறான்.

இதைத்தான் நான் உருவத்தை ஏற்றுக்கொள்வது என்பேன். உலகத்தார் எப்படிப் பார்த்தால் என்ன என்று சொல்வது ஏற்பின் முதல் படி. அதில் இன்னும் கொஞ்சம் ரோஷம் இருக்கிறது. உலகத்தார் ஞாபகமும் இருக்கிறது. அந்த உடம்பில் உட்கார்ந்து மை தீட்டிக்கொள்வது அதற்கு அடுத்த படி. முதல் படியைச் சேக்கிழார் கண்டுபிடித்தார். இரண்டாவதை அம்மையார் வாழ்ந்து பாடியிருக்கிறார்.

சேக்கிழார் ஏன் கணவனைக் கொண்டுவந்தார் என்பதும் எனக்குப் புரிகிறது. அவருக்கு எந்த ஐதிகம் கிடைத்திருந்தாலும், பாத்திரத்தின் செய்கைக்குக் காரணம் காட்டுவது கதை சொல்கிறவன் கடமை. ஒரு பெண் பேயாக இருப்பதில் சந்தோஷப்படுகிறாள் என்றால், முன்பு அவளுக்கு என்ன நேர்ந்தது என்று கேட்காமல் இருக்க நம்மால் முடிவதில்லை. அந்தக் கேள்விக்கு அவர் சொன்ன பதில் மகத்தானது. கேள்வி நம்முடையது, அம்மையாருடையது அல்ல.

பிராகா நகரத்தில் இருந்து எழுதிய பிரான்ஸ் காஃப்காவின் ‘உருமாற்றம்’ 1915இல் வெளிவந்தது. ஒரு காலையில் பூச்சியாக விழித்துக்கொள்கிற கிரெகோர் ஸாம்ஸா, ரயிலைத் தவறவிட்டோமே, வேலைக்குப் போகவேண்டுமே என்றுதான் முதலில் கவலைப்படுகிறான். உடம்பு மாறிய பிறகும் அவன் குடும்பத்துக்கு உழைத்துப் போடும் மகனாகவே இருக்கப் பார்க்கிறான், குடும்பம் விடவில்லை. வெட்கத்திலேயே செத்துப்போகிறான். அவனுக்குப் புனிதவதியின் முதல் படிகூட வாய்க்கவில்லை. புத்தகத்தின் அட்டையில் அந்தப் பூச்சியை வரையக்கூடாது, தூரத்தில் தெரிவதாகக்கூடக் காட்டக்கூடாது என்று காஃப்கா பதிப்பாளருக்கு எழுதினார். அவருடைய கதைக்கு அது சரி. அங்கே உருவம் ஒரு வெட்கம். வெட்கத்தைப் படம் பிடிக்கக்கூடாது.

நம் சோழநாட்டுச் சிற்பிகள் தைரியமாக வடித்தார்கள். கங்கைகொண்ட சோழபுரத்தில் ஆடுகிற பெருமானின் காலடியில் வற்றிய உடம்போடு அம்மையார் தாளம் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். நியூயார்க் மெட்ரோபாலிடன் அருங்காட்சியகத்தில் இருக்கும் 13ஆம் நூற்றாண்டுச் செப்புத் திருமேனியிலும் அதே வற்றல் உடம்பு, அதே தாளம். சிற்பி அவரை அழகாக்கப் பார்க்கவில்லை, அருவருப்பாக்கவும் பார்க்கவில்லை. அம்மையார் பாட்டைக் கேட்டவன் உளி அது.

நம் காலத்துக்கு அந்தத் தைரியம் இல்லை. 1973இல் ஏ. பி. நாகராஜன் ‘காரைக்கால் அம்மையார்’ என்று ஒரு படம் எடுத்தார். லட்சுமி புனிதவதியாக நடித்தார். மாறிய பிறகு வருகிறவர் கே. பி. சுந்தராம்பாள். அந்தக் குரலைப் பற்றி இரண்டு அபிப்பிராயம் இருக்க முடியாது. ஆனால் திரையில் வருவது பேய் அல்ல, திருநீறு பூசிய ஒரு பாட்டி. 1953இல் ஔவையாராக நடித்த அதே சுந்தராம்பாள். ஔவை கதையிலும் கல்யாணத்திலிருந்து தப்பிக்க ஒரு கன்னி முதுமையைக் கேட்டு வாங்கிக்கொள்கிறாள் என்பது உண்மைதான். ஆனால் முதுமை மரியாதைக்குரிய உருவம். யாரும் பயந்து ஓடமாட்டார்கள், கும்பிடுவார்கள். பேய் அப்படியல்ல. அழகை விட்ட பெண்ணை ஊர் பொறுத்துக்கொள்ள வேண்டுமானால் அவள் பாட்டியாக வேண்டும் என்று சினிமா தீர்மானித்துவிட்டது. காரைக்காலிலும் ஆண்டுதோறும் ஆனி மாதத்தில் நடப்பது மாங்கனித் திருவிழா. புனிதவதிக்கும் பரமதத்தருக்கும் கல்யாணம் செய்து பார்த்து, மாம்பழத்தை வாரி இறைத்து மகிழ்கிறார்கள். விட்டுப்போனவனையே மறுபடி மறுபடி மாப்பிள்ளையாக்குகிறோம். நளனுக்கு ஆடையைக் கொடுத்த பாம்பின் வேலையை இப்போது நாமே செய்துகொண்டிருக்கிறோம்.

இன்றைக்கு உருவத்தை மாற்றிக்கொள்வதற்கு மந்திரமும் வேண்டாம், பாம்பும் வேண்டாம். முகத்தை வெளுக்க வைக்கிற களிம்பு 1975 முதல் நம் கடைகளில் ‘ஃபேர் அண்ட் லவ்லி’ என்ற பெயரில் விற்றது. 2020இல் அதன் பெயரிலிருந்து வெள்ளையை மட்டும் எடுத்துவிட்டார்கள். மூக்கைச் செதுக்கவும் முடியை நடவும் வைத்தியசாலைகள் இருக்கின்றன. இதையெல்லாம் பாவம் என்று சொல்ல நான் வரவில்லை. உடம்பை மாற்றிக்கொள்வதாலேயே ஒருவன் தன்னை வெறுக்கிறான் என்று அர்த்தமாகிவிடாது. மாற்றாமல் இருப்பதாலேயே ஏற்றுக்கொண்டுவிட்டான் என்றும் ஆகிவிடாது. அம்மையாரும் மாற்றிக் கேட்டுப் பெற்றவர் என்றுதானே கதை சொல்கிறது? மாறிய பிறகு அந்த உடம்பில் குடியேறினானா, அல்லது இன்னும் யாரோ ஒருவர் வந்து பார்த்துச் சரி என்று சொல்வதற்காக வாசலில் நிற்கிறானா என்பதைத்தான் கேட்கவேண்டும்.

மூத்த திருப்பதிகம் இரண்டும் சேர்ந்து இருபத்திரண்டே பாட்டு. பெரிய புராணத்தைப் படித்துவிட்டு அதைப் படித்தால் அம்மையாருக்காக இரங்கத் தோன்றும். அதைப் படித்துவிட்டுப் பெரிய புராணத்துக்குப் போனால் இரக்கம் வேறு பக்கம் திரும்பிவிடும். காலில் விழுந்து கிடக்கிற பரமதத்தன்தான் அநாதையாகத் தெரிவான். வாசகர்கள் இந்த இரண்டாவது வரிசையில் படித்துப் பார்க்கவேண்டும் என்பது என் சிபாரிசு.